‘கேஷ்’ என்ற ஆங்கிலச் சொல் நம் ‘காசு’தானா?

வாக்கோவா_வாசகி (கேள்வி)

வணக்கம். கோயில் மாலைப்பள்ளிப் பிள்ளைகளுக்காக, ஆங்கிலத்துக்கும் பிரெஞ்சுக்கும் தமிழிலிருந்து போன சொற்களை வைத்து ஒரு சுவர் அட்டை தயாராகிறது. கட்டுமரம், சுருட்டு, மிளகுத்தண்ணீர், வெட்டிவேர், கறி ஆகியவற்றில் யாருக்கும் ஐயம் இல்லை. அட்டையின் உச்சியில் ‘காசு – கேஷ்’ என்று பெரிதாக எழுத வேண்டும் என்பது பெரும்பாலோர் விருப்பம்.

எனக்கு இடிக்கும் இடம் ஒன்று உண்டு. மொரீஷியஸில் எந்தக் கடைக்குள் போனாலும் பணம் கட்டும் இடத்தில் பிரெஞ்சில் ‘கெஸ்’ என்று பலகை தொங்குகிறது. இங்கே பேச்சுமொழியான கிரியோலிலும் அது ‘கெஸ்’தான். சோப்பு அடுக்கி வரும் பெட்டியும் கெஸ், கல்லாப்பெட்டியும் கெஸ். ‘கேஷ்’ அந்தப் பெட்டியிலிருந்து வந்திருக்கலாம் அல்லவா? நாளைக்கு ஒரு பிள்ளை இதையே கேட்டால் நேரான பதில் வேண்டும். காசுதான் மூலம் என்றால் எந்த வழியாக, எந்த ஆண்டில் போனது? இல்லை என்றால் எதை வைத்து இல்லை என்கிறோம்?

---

போர்லூயி_தமிழன்

அம்மா, இதில் தயங்க வேண்டியதில்லை. ஒலியும் ஒன்று, பொருளும் ஒன்று. போர்ச்சுகீசியர் 1498இல் கோழிக்கோட்டில் வந்து இறங்கினார்கள், நம் காசைப் பார்த்தார்கள், ‘காயிஷா’ என்று எழுதினார்கள், அதை ஆங்கிலேயர் ‘கேஷ்’ ஆக்கினார்கள். ஆங்கில அகராதிகளே ‘கேஷ்’ என்ற சொல்லுக்குக் கீழே தமிழ் ‘காசு’ என்று அச்சிட்டிருக்கின்றன. அதற்கு மேல் என்ன சான்று வேண்டும்?

---

சொல்லாய்வு_மோக்கா

ஐயா சொல்லும் அகராதிப் பதிவு உண்மை. ஆனால் அதே பக்கத்தில் அதற்குச் சற்று மேலே இன்னொரு ‘கேஷ்’ இருக்கிறது. பெரிய ஆங்கில அகராதிகள் இந்தச் சொல்லை 1, 2 என்று எண்ணிட்டுத் தனித்தனியாகவே பதிகின்றன. குழப்பம் முழுவதும் அந்தச் சிறு எண்ணைக் கவனிக்காமல் விடுவதால் வருகிறது.

முதல் கேஷ் என்பது ரொக்கம், கையிருப்புப் பணம். இன்று உலகம் முழுக்கப் புழங்குவது இதுதான். இது பழைய பிரெஞ்சு ‘காஸ்’ (இன்றைய ‘கெஸ்’) அல்லது இத்தாலிய ‘காஸ்ஸா’ வழியாக வந்தது. இரண்டுக்கும் தாய் லத்தீன் ‘காப்ஸா’. ரோமானியர் சுருள் ஏடுகளை நிறுத்தி வைத்த உருளைப் பெட்டிக்கு அந்தப் பெயர். கொள்ளுதல், பிடித்தல் என்ற பொருளுள்ள ‘காப்பெரே’ என்ற வினையிலிருந்து பிறந்தது. ஆங்கிலத்தில் 1590களில் இச்சொல் தலைகாட்டும்போது பணப்பெட்டி, பெட்டிக்குள் இருக்கும் பணம் என்ற இரு பொருளிலும் வருகிறது. 18ஆம் நூற்றாண்டில் பெட்டிப் பொருள் உதிர்ந்து பணம் மட்டும் நின்றது. அகம் என்றால் இடம், அந்த இடத்தில் இருக்கும் மனமும் அகமே என்று நாம் சொல்வதில்லையா? கலத்தின் பெயர் உள்ளே இருப்பதற்கு ஏறுவது எல்லா மொழியிலும் நடப்பதுதான்.

இரண்டாம் கேஷ் என்பது ஒரு சிறு நாணயத்தின் பெயர். தென்னிந்தியாவிலும், சீனாவிலும், மலாய்த் தீவுகளிலும் ஐரோப்பியர் கண்ட மிகக் குறைந்த மதிப்புள்ள செப்புக்காசு, ஈயக்காசு. இந்தக் கேஷ் போர்ச்சுகீசிய ‘காயிஷா’ வழியாகத் தமிழ்க் ‘காசு’விலிருந்து போனது. போர்லூயி ஐயா காட்டும் பதிவு இது. இதில் சந்தேகமே இல்லை.

முதல் கேஷ் காசிலிருந்து வரவில்லை என்பதற்கு எனக்கு வலுவாகப் படும் சான்று காலம். 1599 வாக்கில் எழுதப்பட்ட ஷேக்ஸ்பியரின் ‘ஐந்தாம் ஹென்றி’ நாடகத்தில் ஒருவன் தனக்கு வர வேண்டிய தொகையைக் கேட்கிறான். மற்றவன் அதைக் ‘கேஷில்’ ஒழுங்காகக் கொடுத்துவிடுவதாகச் சொல்கிறான். லண்டன் மேடையில் நின்று கேட்பவனுக்கு விளக்கம் இல்லாமல் புரிந்த சொல் அது. ஆங்கிலக் கிழக்கிந்தியக் கம்பெனிக்குப் பட்டயம் கிடைத்தது 1600 டிசம்பர் 31. மசூலிப்பட்டினத்தில் அவர்கள் கடை திறந்தது 1611. சென்னையில் இடம் வாங்கியது 1639. தமிழ்க் கடைத்தெருவில் ஆங்கிலேயன் கால் வைக்கும் முன்பே லண்டனில் ரொக்கத்துக்குக் கேஷ் என்ற பெயர் ஊறிவிட்டது.

அடுத்தது உறவுக்கூட்டம். பிரெஞ்சு கெஸ், இத்தாலிய காஸ்ஸா, ஸ்பானிய காஹா, டச்சு காஸ், ஜெர்மன் காஸ்ஸெ: இவை எல்லாம் பெட்டியையோ பணம் கட்டும் இடத்தையோ குறிக்கின்றன. கேஷியர் என்ற சொல்லும் இந்தக் கூட்டத்தில் பிறந்ததே. பிரெஞ்சில் கெஸ்ஸியே, டச்சில் காஸ்ஸீர். ஆங்கிலக் கேஷை மட்டும் பிய்த்துக் காசோடு ஒட்டினால், அதன் உடன்பிறப்புகள் எல்லாம் அநாதையாகிவிடும்.

உங்கள் கடைப்பலகைச் சந்தேகம் மிகச் சரியான சந்தேகம், அம்மா.

---

பழங்காசு_ரசிகர்

இரண்டாவது கேஷைப் பற்றி எழுதுகிறேன். அதை யாரும் தோற்ற பிள்ளையாகப் பார்க்கக் கூடாது. உண்மையிலேயே நமக்குச் சொந்தமான சொல் அது.

சென்னையில் கம்பெனி வைத்திருந்த கணக்கு இப்படி: 80 கேஷ் ஒரு ஃபனம், 42 ஃபனம் ஒரு நட்சத்திரப் பகோடா என்ற பொற்காசு. மூன்றரை ரூபாய் ஒரு பகோடா. அப்படியானால் ஒரு பகோடாவுக்கு 3,360 காசு, ஒரு ரூபாய்க்கு 12 ஃபனம் அல்லது 960 காசு. ஃபனம் என்பது நம் பணம். இது ஏட்டுக்கணக்கு. கடைத்தெருவில் விகிதம் நாளுக்கு நாள் ஏறி இறங்கும், காசு மாற்றும் சராஃப் சொல்வதே விலை. 1818இல் சென்னை மாகாணம் ரூபாய்க் கணக்குக்கு மாறியபோது இந்தப் பட்டியல் வழக்கொழிந்தது.

இந்தக் காசுகள் கைக்குக் கிடைக்கின்றன. 1803, 1808 ஆண்டுகளில் இங்கிலாந்தின் சோஹோ நாணயச்சாலையில் அடித்த 20 கேஷ் செப்புக்காசில் ஒரு பக்கம் கம்பெனியின் சின்னம்; மறுபக்கம் ரோமன் எண்ணில் மதிப்பும் ‘கேஷ்’ என்ற சொல்லும், மேலே பாரசீக எழுத்தில் “இருபது காஸ் நான்கு ஃபலூஸ்” என்ற வாசகமும். பாரசீகத்தில் எழுதியவன் ‘காஸ்’ என்றே எழுதியிருக்கிறான், தமிழ் நெட்டுயிரோடு. 1808 காசுகளைச் சென்னைக்கு ஏற்றி வந்த அட்மிரல் கார்ட்னர் என்ற கப்பல் 1809 ஜனவரியில் இங்கிலாந்தின் குட்வின் மணல்திட்டில் மோதி மூழ்கியது. பின்னாளில் முக்குளிப்போர் அவற்றை ஏராளமாக வெளியே எடுத்தார்கள். அதனால்தான் 200 வயதுக் காசு, புதிதாக அடித்தது போன்ற மெருகோடு இன்று சேகரிப்பாளர் கையில் இருக்கிறது.

வாங்குபவர்கள் ஒன்றைக் கவனியுங்கள். பட்டியலில் ‘கேஷ்’ என்று இருந்தால் அது சென்னைக் காசாக இருக்க வேண்டும் என்பதில்லை. திருவிதாங்கூரிலும் ‘ஒரு கேஷ்’ என்று ஆங்கிலத்தில் அடித்த சிறு செப்புக்காசு 20ஆம் நூற்றாண்டின் முதற்பாதியிலும் வெளிவந்தது. அங்கே கணக்கு வேறு: 16 காசு ஒரு சக்கரம், 4 சக்கரம் ஒரு பணம், 7 பணம் ஒரு ரூபாய். ஆக ஒரு ரூபாய்க்கு 448 காசு. சென்னை விகிதத்தை அங்கே போட்டால் பாதிக்குப் பாதி தப்பும். தரங்கம்பாடியில் டேனியர் அடித்தது ‘காஸ்’. அங்கேயும் 80 காஸ் ஒரு ராயலின். புதுச்சேரிப் பிரெஞ்சுக்காரர் எழுதியது ‘காஷ்’. புதுக்கோட்டை அம்மன் காசில் ஒரு பக்கம் பிரகதாம்பாள், மறுபக்கம் தெலுங்கில் ‘விஜய’. நடுவில் சதுரத் துளை உள்ள சீனக் காசுக்கும் ஆங்கிலத்தில் கேஷ் என்றே பெயர். சீனர் தாங்களாக அதை அப்படி அழைத்ததில்லை; தென்னிந்தியக் கடலில் கற்ற சொல்லை ஐரோப்பியர் கிழக்கே கொண்டுபோய் ஒட்டினார்கள். சீனக் காசை ஏலத்தில் ‘கேஷ்’ என்று பார்க்கும்போதெல்லாம், அங்கே நிற்பது நம் சொல் என்று எண்ணிக்கொள்ளலாம்.

---

வாக்கோவா_வாசகி

இருவருக்கும் நன்றி. இன்னும் இரண்டு முடிச்சு அவிழவில்லை. போர்ச்சுகீசிய ‘காயிஷா’வுக்கும் பெட்டி என்ற பொருள் இருக்கிறதே? அப்படியானால் இரண்டாவது கேஷும் பெட்டிதான் என்று யாராவது வாதிட்டால்? மற்றொன்று, ‘காப்ஸா’வே ‘காப்பு’ என்ற தமிழ்ச் சொல்லிலிருந்து போனது என்று ஒரு ஒலிப்பதிவு சுற்றுகிறது. பிள்ளைகளின் பெற்றோர் அதைத்தான் அனுப்புகிறார்கள்.

---

சொல்லாய்வு_மோக்கா

முதல் முடிச்சு அழகானது. போர்ச்சுகீசிய ‘காயிஷா’ என்றால் பெட்டி. அதுவும் லத்தீன் காப்ஸாவின் வாரிசுதான். நம் ஊரில் ‘காசு’ என்று காதில் விழுந்ததும் அவர்கள் தங்கள் நாவுக்குப் பழகிய சொல்லின் உருவில் அதை வார்த்துவிட்டார்கள். சட்டை அவர்களுடையது, உடம்பு நம்முடையது. காசின் இறுதி உகரம் அகரமாக மாறியதற்கும், ச என்ற ஒலி ஷ ஆனதற்கும் இதுவே காரணம். இந்தப் பழைய சட்டை இல்லாவிட்டால் ‘காசு’ ஆங்கிலத்தில் ‘காஸ்’ என்றோ ‘காஸூ’ என்றோதான் நின்றிருக்கும்.

பொருள் பெட்டியா நாணயமா என்பதைப் பயணக் குறிப்புகளே தீர்த்துவிடுகின்றன. லின்ஸ்ஹோட்டன் என்ற ஹாலந்துக்காரரின் பயண நூல் 1598இல் ஆங்கிலத்தில் வந்தது. அதில் ஜாவாவில் புழங்கிய காயிஷா வருகிறது: செப்புக்காசு, ஹாலந்தின் டொய்ட் காசு அளவு, பாதிக் கனம்கூட இல்லை, நூலில் கோக்க நடுவில் ஓட்டை. பெட்டிக்கு இந்த வருணனை பொருந்துமா?

அந்த டொய்ட்டைக் குறித்து வையுங்கள். நாம் பேச்சில் சொல்லும் துட்டு அதுதான். டச்சுக்காரர் பழவேற்காட்டிலும் நாகப்பட்டினத்திலும் இருந்த காலத்தில் தமிழுக்குள் வந்தது. புதுச்சேரிப் பிரெஞ்சுக்காரர் அதைத் தமிழரிடம் கேட்டு ‘தூதூ’ என்று எழுதினார்கள். காசு வெளியே போனது, துட்டு உள்ளே வந்தது. இரண்டையும் ஒரே அட்டையில் வைத்தால் பிள்ளைகளுக்கு நல்ல பாடம்.

இரண்டாவது முடிச்சில் தயவு தாட்சண்யம் வேண்டாம். ‘காப்பு’ வாதத்தில் ஒலி ஒத்துப்போவது முதல் இரண்டு எழுத்தோடு நின்றுவிடுகிறது. சொல் எப்போது, யார் வாயில் பயணம் செய்தது என்பதற்கு ஒன்றுமே காட்டுவதில்லை. மறுபுறம், காப்ஸா காஸ்ஸா ஆனதற்கு நிலையான விதி உண்டு. லத்தீனில் ‘ப்ஸ’ இருந்த இடத்தில் இத்தாலியனில் ‘ஸ்ஸ’ வரும். ஜிப்ஸம் ஜெஸ்ஸோ ஆனது, ஸ்க்ரிப்ஸி (எழுதினேன்) ஸ்க்ரிஸ்ஸி ஆனது. விதி ஒரே சொல்லுக்கு மட்டும் பொருந்தினால் அது தற்செயல். பல சொல்லுக்கும் பொருந்தினால்தான் உறவு. காப்ஸூல், கேஸட் இரண்டும் இதே காப்ஸா வீட்டுப் பிள்ளைகள்.

---

கிரியோல்_சொற்கூடை

மோக்கா நண்பர் சொன்ன பயணச்சான்று எப்படி இருக்கும் என்பதை நம் சமையலறையிலிருந்தே பிள்ளைகளுக்குக் காட்டலாம். கொத்தமல்லி கிரியோலில் கொத்தொமிலி. கறிவேப்பிலை காரிபுலே. முருங்கைக்கீரை பிரெட் முரூம் (பிரெட் என்றால் கீரை). பீர்க்கங்காய் பிபங்காய். இந்த நான்கு பெயரும் தமிழரோடு வந்தவை. நடு அசையோ இறுதி அசையோ தேய்ந்தாலும் முதல் அசை ஓரளவு நிற்கிறது. கறிவேப்பிலையில் ‘வே’ விழுந்து ‘கறி…பிலை’ காரிபுலே ஆனதைக் கரும்பலகையில் மூன்று வரியில் எழுதிக் காட்டிவிடலாம். பழைய பிரெஞ்சில் இவற்றுக்கு உறவுச் சொல் ஏதும் கிடையாது. இந்தத் தேர்வை ‘ரொக்கம்’ என்ற கேஷுக்கு வைத்துப் பாருங்கள், முதல் படியிலேயே நின்றுவிடும். நாணயக் கேஷுக்கு வையுங்கள், எல்லாப் படியும் ஏறும்.

மொரீஷியஸ் பிள்ளைகள் தடுமாறக்கூடிய இன்னும் இரண்டு இடங்களைச் சொல்கிறேன். ‘உடைத்தல்’ என்ற பொருளில் கிரியோலில் நாம் சொல்லும் ‘காஸ்’ பிரெஞ்சு ‘காஸே’ என்ற வினை. பெட்டியோடும் காசோடும் அதற்கு உறவில்லை. ஆங்கிலத்தில் ராணுவ அதிகாரியைப் பதவியிலிருந்து விலக்குவதைக் குறிக்கும் ‘கேஷியர்’ என்ற வினை இந்த உடைத்தல் வழியில் டச்சு மூலமாக வந்தது. பணம் எண்ணும் கேஷியரோடு சேர்க்காதீர்கள். இன்னொன்று ஆங்கில ‘கேஸ்’. பெட்டி என்னும் கேஸ் காப்ஸா வழி. வழக்கு, நிகழ்வு என்னும் கேஸ் லத்தீன் ‘காஸுஸ்’, அதாவது விழுதல், நேர்தல். எழுத்து ஒன்று, வேர் இரண்டு. முந்திரிப்பருப்பின் ‘கேஷ்யூ’வையும் யாராவது இங்கே இழுப்பார்கள், அது பிரேசிலின் துப்பி மொழிச் சொல், போர்ச்சுகீசியர் ‘காஜூ’ என்று கொண்டுவந்தது.

---

போர்லூயி_தமிழன்

அகராதி எண்ணை நான் பார்க்கவில்லை, ஒப்புக்கொள்கிறேன். ஆனால் ஒரு கவலை. “இல்லை” என்று எழுதினால் காசு என்ற சொல்லின் தொன்மையே பிள்ளைகள் மனத்தில் சிறுத்துவிடாதா?

---

பழங்காசு_ரசிகர்

சிறுக்காது ஐயா. காசின் வயதுக்கு ஆங்கிலம் சாட்சி சொல்ல வேண்டிய நிலை நமக்கு இல்லை.

குறுந்தொகை 67ஆம் பாடலில் கிளி வேப்பம்பழத்தை அலகில் பிடித்திருக்கிறது. புது நூலில் கோக்கப் பொற்கொல்லன் கூர் நகத்தில் பிடித்த பொற்காசை அதற்கு உவமையாக்குகிறார் அள்ளூர் நன்முல்லையார். வேப்பம்பழத்தோடு ஒப்பிட வேண்டும் என்றால் அந்தக் காசு உருண்டை மணியாக இருந்திருக்க வேண்டும். இன்றும் காசுமாலை என்கிறோம். அணிகலனில் கோத்த பொன்மணிக்கும் புழங்கும் நாணயத்துக்கும் தமிழ் ஒரே பெயர் வைத்திருந்தது.

7ஆம் நூற்றாண்டில் திருஞானசம்பந்தர் திருவீழிமிழலையில் “வாசி தீரவே காசு நல்குவீர்” என்று பாடுகிறார். வாசி என்பது காசை மாற்றும்போது மாற்றுக்குறைவுக்காகக் கழிக்கும் வட்டம். பஞ்சகாலத்தில் நாள்தோறும் கிடைத்த காசு கடையில் முழு மதிப்புக்குப் போகவில்லை, அந்தக் கழிவு நீங்க வேண்டும் என்பது வேண்டுதல். நாணயம், அதன் மாற்று, கடைத்தெருக் கழிவு எல்லாம் ஒரே அடியில். தஞ்சைப் பெரிய கோயில் கல்வெட்டுகளில் காசு கடனாகப் போகிறது. ஒரு காசுக்கு ஆண்டுக்கு அரைக்கால் காசு பொலிசை, அதாவது நூற்றுக்குப் பன்னிரண்டரை வட்டி. யாப்பிலும் வெண்பாவின் ஈற்றுச்சீர் வாய்பாடு நாள், மலர், காசு, பிறப்பு.

ஆங்கில அகராதிகள் காசுக்குப் பின்னால் ‘கர்ஷ’ என்ற வடமொழி எடைப்பெயரையும் வைக்கின்றன. அது தனி விவாதம், இந்த அட்டைக்குத் தேவையில்லை.

---

சொல்லாய்வு_மோக்கா

அட்டைக்கு என் பரிந்துரை: உச்சியில் கட்டுமரத்தையோ வெட்டிவேரையோ வையுங்கள். வெட்டிவேர் நமக்கு இன்னும் பொருத்தம்; பிரெஞ்சு ‘வெத்திவேர்’ பக்கத்து ரெயூனியோன் தீவின் வாசனை எண்ணெயிலும் அதே பெயரோடு இருக்கிறது. காசுக்கு இப்படி எழுதலாம்:

“காசு → போர்ச்சுகீசியம் காயிஷா → ஆங்கிலம் கேஷ் (தென்னிந்திய, சீனச் சிறு நாணயத்தின் பெயர்). ரொக்கம் என்று பொருள்படும் கேஷ் வேறு சொல். அது பிரெஞ்சு கெஸ், இத்தாலிய காஸ்ஸாவின் உறவு.”

அடைப்புக்குறிக்குள் இருப்பதை மட்டும் விட்டுவிடாதீர்கள். இடம் போதவில்லை என்று அதை வெட்டினால் பழைய தவறு அப்படியே திரும்பி வந்துவிடும். பக்கத்தில் 20 கேஷ் நாணயத்தின் படத்தை ஒட்ட முடிந்தால், ‘கேஷ்’ என்ற எழுத்தைப் பிள்ளைகளே காசின் மேல் படித்துவிடுவார்கள்.

---

வாக்கோவா_வாசகி

அப்படியே எழுதிவிடுகிறோம். துட்டுக்கு எதிர்த்திசை அம்புக்குறி போட்டு அடுத்த வரியில் சேர்க்கிறோம். பழங்காசு ஐயா, 1803 காசா 1808 காசா, படத்துக்கு எது தெளிவாக வரும்?

---

பழங்காசு_ரசிகர்

1808. கப்பலோடு மூழ்கியதால் கடைத்தெருவில் புழங்கித் தேயாதவை அவை. ஆனால் வழவழப்பாக இருப்பதைத் தேர்ந்தெடுங்கள். உப்புநீர் அரித்துப் புள்ளி விழுந்ததில் பாரசீக வரி தெரியாது. மதிப்பு எழுதிய பக்கத்தைக் காட்டுங்கள், கம்பெனிச் சின்னம் உள்ள பக்கத்தை அல்ல.